எல்லை ஊரின் வரலாற்றை எழுதுவது எப்படி? குமரி–கேரள எல்லைக்காரர்களுக்கு ஒரு முழுமையான வழிகாட்டி

நவம்பர் 1 வந்தால் களியக்காவிளைக்கு அந்தப் பக்கம் கேரளப் பிறவி நாள். இந்தப் பக்கம் குமரி மாவட்டம் தாய்த் தமிழகத்தோடு இணைந்த நாள். இரண்டையும் தந்தது 1956இன் ஒரே மாநிலச் சீரமைப்புச் சட்டம்தான். கேரளத்தோடு நின்றுவிட்ட தேவிகுளம், பீர்மேடு, நெய்யாற்றின்கரை தமிழர்களிடம் கேட்டால் அதே நாளை வேறு மாதிரி சொல்வார்கள். சென்னையிலும் சிக்கல் தீரவில்லை. 2019இல் நவம்பர் 1 தமிழ்நாடு நாள் ஆனது. 2021இல் அதை மாற்றி, மாநிலத்துக்குத் தமிழ்நாடு என்று பெயர் வைக்கச் சட்டமன்றம் 1967இல் தீர்மானம் போட்ட ஜூலை 18ஐ அறிவித்தார்கள்.

ஒரு நாட்டின் வரலாறு தலைநகரங்களில் எழுதப்படுகிறது. எல்லையில் இருப்பவர்களுக்கோ அது இரண்டு மூன்று கதைகளாக வந்து சேருகிறது, ஒவ்வொன்றும் மற்றதில் பாதியை விட்டுவிட்டு. நம் ஊர்க் கதையை நாமே எழுதினால்தான் விடுபட்டது எதுவென்று தெரியும். ஆசிரியர், கல்லூரி மாணவர், ஓய்வு பெற்றவர் என்று யார் முயன்றாலும் ஐம்பது அறுபது பக்கத்தில் ஓர் ஊர் வரலாறு எழுதலாம். அதற்கான வழி கீழே இருக்கிறது. பழைய திருவிதாங்கூர் சமஸ்தானமாக இருந்த பகுதியை மனத்தில் வைத்துச் சொல்கிறேன். செங்கோட்டைக்காரர்களுக்கும் இது பொருந்தும். ஆந்திர எல்லையில் திருத்தணிப் பக்கத்தவர்கள் ஆண்டையும் ஆவணத்தின் பெயரையும் மட்டும் மாற்றிக்கொள்ள வேண்டியிருக்கும்.

படி 1: கேள்வியைச் சிறிதாக்குங்கள்

"எங்கள் ஊர் வரலாறு" என்று தலைப்பு வைத்து உட்கார்ந்தால் பழங்காலத்தில் இந்தப் பகுதியை ஆண்ட ஆய் அரசர்களில் தொடங்கி மூன்றாம் பக்கத்திலேயே மூச்சு வாங்கும். அதற்குப் பதில் ஒரு கேள்வியை எடுங்கள். 1956க்கு முன்னும் பின்னும் நம் பள்ளியில் எந்த மொழியில் பாடம் நடந்தது? சந்தை ஏன் இடம் மாறியது? இந்தக் குளத்தின் தண்ணீர் எந்த வயலுக்குப் போனது, யார் முடிவு செய்தார்கள்? கே. கே. பிள்ளை சுசீந்திரம் கோயில் ஒன்றை மட்டும் எடுத்துக்கொண்டு 1953இல் ஒரு நூல் எழுதினார். கோயில் நிர்வாகம், நிலம், சாதி, அரசு எல்லாம் அந்த ஒரு வாசல் வழியாகவே உள்ளே வந்தன. பொருள் சிறிதாக இருந்தாலும் ஊர் முழுக்க வந்துவிடும்.

படி 2: ஆண்டுக் கணக்கைச் சரிசெய்யுங்கள்

இதைத் தள்ளிப்போட்டால் பின்னால் எல்லாம் தப்பாகும். திருவிதாங்கூர் ஆவணங்களில் இருப்பது கொல்லம் ஆண்டு, நம் பெரியவர்கள் சொல்லும் மலையாள வருஷம். ஆவணி (சிங்கம்) பிறப்பிலிருந்து டிசம்பர் முடியும்வரை உள்ள தேதிக்கு 824ஐக் கூட்டுங்கள். ஜனவரியிலிருந்து ஆடி முடியும்வரை 825.

சோதித்துப் பாருங்கள். "தொண்ணூற்றொன்பதாம் ஆண்டு வெள்ளம்" என்று கேரளம் முழுக்கச் சொல்லும் பெருவெள்ளம் 1099 ஆடியில் வந்தது. 825ஐக் கூட்டினால் 1924, சரி. கோயில் நுழைவுப் பிரகடனம் 1112 ஐப்பசி 27. 824ஐக் கூட்டினால் 1936, அதாவது நவம்பர் 12. 99 வெள்ளத்தை 1899 என்று அச்சடித்த விழா மலர்கள் உண்டு, நம்ப வேண்டாம்.

திருத்தணிப் பக்கம் நிலக் கணக்கு பசலி ஆண்டில் இருக்கும். ஜூலை முதல் டிசம்பர்வரை 590, ஜனவரி முதல் ஜூன்வரை 591 கூட்ட வேண்டும். அங்கே எல்லை மாறிய நாள் 1960 ஏப்ரல் 1.

பணமும் அப்படித்தான். பழைய ஆதாரத்தில், அதாவது நிலப் பத்திரத்தில், விலை சக்கரம், பணம் என்ற பழைய நாணயங்களில் இருக்கும். 16 காசு ஒரு சக்கரம், 4 சக்கரம் ஒரு பணம், 7 பணம் ஒரு சர்க்கார் ரூபாய். பிரிட்டிஷ் ரூபாய்க்கு இருபத்தெட்டரைச் சக்கரம். இரண்டு ரூபாயையும் ஒன்றாக நினைத்து விலையை ஒப்பிடாதீர்கள்.

இப்போது ஒரு நோட்டில் நீளவாக்கில் மூன்று கட்டம் போடுங்கள். முதலில் நாடு: 1947 விடுதலை, 1953 ஆந்திரம், 1956 மொழிவாரி மாநிலங்கள். நடுவில் சமஸ்தானம்: 1936 பிரகடனம், 1949 ஜூலையில் கொச்சியோடு இணைப்பு. கடைசிக் கட்டம் ஊருக்கு. இப்போதைக்கு அது காலியாகத்தான் இருக்கும்.

படி 3: பெரியவர்களிடம் முதலில் போங்கள்

நூலகம் எங்கும் போய்விடாது. எல்லைப் போராட்டம் நடந்த 1954இல் பத்து வயதாக இருந்தவருக்கு இப்போது எண்பது தாண்டிவிட்டது. அதனால் ஆவணங்களுக்கு முன்பே இதைச் செய்துவிடுங்கள்.

"அது எந்த வருஷம் பாட்டா?" என்று கேட்டால் ஏதாவது ஒரு வருஷம் சொல்வார், நீங்கள் விரும்பும் வருஷமாகக்கூட இருக்கும். "உங்களுக்குக் கல்யாணம் ஆனப்போ இந்த ரோட்டுல பஸ் ஓடிச்சா?" என்று கேளுங்கள். போர்க்காலத்தில் பர்மா அரிசி நின்று, மரச்சீனிக் கிழங்கைத் தின்று நாள் கழிந்ததற்கு முன்பா பின்பா என்று கேளுங்கள். அம்மச்சிகளிடம் பிரசவத்தை வைத்துக் கணக்குப் போடலாம், மூத்தவன் பிறந்து எத்தனை மாதம் என்று. வீட்டில் யாராவது சர்க்கார் உத்தியோகத்தில் இருந்தார்களா, 1956க்குப் பிறகு எந்தப் பக்கம் வேலை பார்த்தார்கள், பள்ளிச் சான்றிதழ் எந்த மொழியில் இருந்தது, எல்லைக்கு அந்தப் பக்கம் பாறசாலையில் கட்டிக்கொடுத்த அக்காளை ஊரார் எப்படிப் பேசினார்கள்? இப்படிப்பட்ட கேள்விகளுக்கு மனப்பாடப் பதில் கிடையாது. மேடையில் கேட்டதை ஒப்பிக்காமல் தன் வாழ்க்கையைச் சொல்வார்கள்.

செல்போனில் பதிவு செய்வதற்கு முன் அனுமதி கேளுங்கள். பதிவின் தொடக்கத்தில் தேதி, இடம், பேசுபவரின் பெயர், ஊர் எல்லாவற்றையும் நீங்களே சொல்லிவிடுங்கள். பெயர் வேண்டாம் என்றால் வேண்டாம். பாட்டா ஒரு மாதம் கழித்து வேறு மாதிரி சொன்னால் பழைய பதிவை அழிக்காதீர்கள். மாறியதும் உங்களுக்கு ஒரு சான்றுதான்.

ஒன்றை வற்புறுத்திச் சொல்லவேண்டும். கோயில் கமிட்டி, சபைக் கமிட்டி, கட்சிக் கிளை என்று நின்றுவிட்டால் ஊரில் பாதிகூடக் கிடைக்காது. காலனிக்குப் போங்கள், கடற்கரைக்குப் போங்கள். இணைப்பை விரும்பாத, வீட்டில் மலையாளம் பேசும் குடும்பங்கள் விளவங்கோட்டில் உண்டு. அவர்கள் தயங்கித்தான் பேசுவார்கள். பொறுமையாக உட்காருங்கள்.

படி 4: வீட்டுப் பெட்டியிலிருந்து ஆவணக் காப்பகம்வரை

முதலில் வீடுகளில் இருக்கும் ஆதாரம், கரம் (நிலவரி) தீர்த்த ரசீது, தண்டப்பேர் எண் (நிலவரிக் கணக்கு எண்) எழுதிய துண்டு, ஞானஸ்நானப் பதிவு, கல்யாணப் பத்திரிகை. வெயிலில் வைத்துப் படம் எடுக்காமல் நிழலில் வைத்து எடுங்கள், பின்பக்கத்தையும் சேர்த்து. மருமக்கள் வழிக் குடும்பங்களின் பழைய ஆவணத்தில் சொத்து தாய்மாமனிடமிருந்து சகோதரி மகனான மருமகனுக்குப் போகும், கையெழுத்து குடும்பத் தலைவரான காரணவருடையதாக இருக்கும். 1920களில் சட்டங்கள் மாறும்வரை இதுதான் முறை. அப்பாவின் பெயரைத் தேடித் தேடி "ஆவணம் போலி" என்ற முடிவுக்கு வந்தவர்களைப் பார்த்திருக்கிறேன்.

அடுத்து கல்லும் செம்பும். திருவிதாங்கூர்த் தொல்லியல் வரிசை என்ற நூல் வரிசையைத் து. அ. கோபிநாத ராவ் தொடங்கிவைத்தார். நம் பகுதிக் கல்வெட்டுகள் பல அதில் அச்சாகி இருக்கின்றன. புதுக்கடைக்குப் பக்கத்தில் பார்த்திவபுரம் இருக்கிறதே, அதைப் பற்றிய 9ஆம் நூற்றாண்டுச் செப்பேட்டில் ஆய் மன்னன் கருநந்தடக்கன் முஞ்சிறைச் சபையாரிடம் நிலம் பெற்றுக் கோயில் எடுத்ததும், 95 சட்டர் (வேதம் கற்கும் மாணவர்) தங்கிப் படிக்கச் சாலை, அதாவது கல்விக்கூடம், அமைத்ததும் வருகின்றன. ஊர்க் கல்வெட்டை நீங்களே சுண்ணாம்பு தடவிப் படிக்கக் கிளம்ப வேண்டாம். படம் எடுத்துத் தொல்லியல் துறைக்காரரிடமோ பல்கலைக்கழகத்திலோ காட்டுங்கள்.

அப்புறம் காப்பகங்கள். 1956க்கு முந்தைய அரசுத் தாள்களுக்குத் திருவனந்தபுரம் போக வேண்டும், பிந்தையவற்றுக்குச் சென்னை எழும்பூர். பத்மநாபசுவாமி கோயிலின் மதிலகம் ஆவணங்கள் எனப்படும் ஓலைச் சுருணைகளும் (ஓலைக் கட்டுகளும்) திருவனந்தபுரத்தில்தான். அவற்றில் வட்டெழுத்து, கோலெழுத்து, மலையாண்மை என்ற பழைய எழுத்து முறைகளும் தமிழும் உண்டு. படிக்கத் தெரிந்தவர் துணை இல்லாமல் நகராது. போகும்முன் ஊரின் பழைய பகுதிப் (வருவாய்க் கிராமம்) பெயரையும் தாலுகாவையும் கண்டுபிடித்து வையுங்கள். "மார்த்தாண்டம்" என்று இன்றைய பெயரை மட்டும் கேட்டால் கோப்பு எடுப்பவருக்கு ஒன்றும் கிடைக்காது.

படி 5: அச்சு வரலாற்றை எழுதியவர் யார்?

திருவிதாங்கூர் வரலாறு என்று நாம் கையில் எடுக்கும் பழைய நூல்கள் மூன்று. சங்குண்ணி மேனன் 1878இல் எழுதியது ஒன்று. நாகமையாவின் 1906 மானுவல் (அரசுக் கையேடு) மூன்று தொகுதி, டி. கே. வேலுப்பிள்ளையின் 1940 மானுவல் நான்கு தொகுதி. சமஸ்தானத்தோடு நெருங்கியிருந்தவர்கள் எழுதியவை இவை. நாகமையா திவானுக்குக் கீழ் திவான் பேஷ்கார் என்ற உயர் பதவியில் இருந்தவர். புள்ளிவிவரத்துக்கும் அரசாணைக்கும் இவர்களை விட்டால் கதியில்லை. மக்கள் எதிர்த்தது எங்கே வந்தாலும் அது "கலகம்" ஆகிவிடும், அங்கே விழிப்பாக இருங்கள்.

மறுபக்கம் லண்டன் மிஷன் பாதிரிமாரின் கடிதங்களும் அறிக்கைகளும். ஒடுக்கப்பட்டவர்களின் அன்றாடத்தை வேறு யாரும் எழுதாத அளவுக்கு எழுதினார்கள். படித்து நன்கொடை அனுப்பும் அயல்நாட்டு வாசகரையும் மனத்தில் வைத்தே எழுதினார்கள். எந்த நூலைத் திறந்தாலும் நோட்டின் ஓரத்தில் மூன்று குறிப்பு போடுங்கள்: எழுதியவருக்குச் சம்பளம் யார் கொடுத்தது, யார் படிப்பதற்காக எழுதினார், சம்பவத்தின்போது எங்கே இருந்தார்.

படி 6: மோதும் கதைகளை மோதவிடுங்கள்

எல்லா வேலைக்கும் இதுதான் நடு. 1954 ஆகஸ்ட் 11ஐ எடுத்துப் பயிற்சி செய்யலாம்.

அன்று திருவிதாங்கூர்–கொச்சியில் பட்டம் தாணுப்பிள்ளை தலைமையில் பிரஜா சோஷலிஸ்ட் கட்சி அரசு. தமிழ்த் தாலுகாக்களைச் சென்னை மாநிலத்தோடு சேர்க்கக் கேட்டு மார்ஷல் நேசமணியின் திருவிதாங்கூர் தமிழ்நாடு காங்கிரஸ் அந்த நாளை விடுதலை நாளாக அறிவித்திருந்தது. மார்த்தாண்டத்திலும் புதுக்கடையிலும் போலீஸ் சுட்டது. ஆட்கள் செத்தார்கள்.

இதைக் குமரியில் படித்தால் எல்லைப் போராட்டத் தியாக வரலாறு. புதுக்கடையில் இன்றும் அந்த நாளில் மாலை போடுகிறார்கள், போராடியவர்களுக்குத் தமிழக அரசு எல்லைக் காவலர் என்று உதவித்தொகை தந்தது. கேரள அரசியல் வரலாற்றில் பார்த்தால் ஒரு சிறுபான்மை அரசு தடுமாறி 1955இல் கவிழ்ந்த கதையில் ஒரு பத்தி. தேசிய நூல்களில் இதே துப்பாக்கிச் சூடு சோஷலிஸ்டுகள் பிரிந்த அத்தியாயத்தில் வரும். சொந்த மக்களைச் சுட்ட அரசு பதவி விலக வேண்டும் என்று அந்தக் கட்சியின் பொதுச் செயலாளர் ராம் மனோகர் லோகியாவே கேட்டார். அவர் பேச்சைக் கட்சி ஏற்கவில்லை. அடுத்த ஆண்டு பிளவு முற்றித் தனிக் கட்சி வந்தது. லோகியாவைப் பற்றிப் படிக்கும் வடநாட்டு மாணவருக்கு மார்த்தாண்டம் என்ற பெயர் ஒரு வரி. மார்த்தாண்டத்தில் பள்ளி மாணவரிடம் லோகியா யார் என்று கேட்டுப் பாருங்கள், அங்கே அந்த ஒரு வரியும் இருக்காது.

இறந்தவர் எண்ணிக்கையும் நூலுக்கு நூல் மாறும். பெரிய எண்ணைப் போட்டால் பற்று, சின்ன எண்ணைப் போட்டால் துரோகம் என்ற பேச்சில் இறங்காதீர்கள். எண்ணை விட்டுவிட்டுப் பெயரை எண்ணுங்கள். பெயர், ஊர், வயது, சுடப்பட்ட இடம், இறந்த நாள், எந்தச் சான்று சொல்கிறது என்று கட்டம் போடுங்கள். இரண்டு ஊரையும் சேர்த்தார்களா, ஆஸ்பத்திரியில் பின்னால் இறந்தவரைச் சேர்த்தார்களா, அரசு அன்று மாலை சொன்ன கணக்கா, கட்சி மறுவாரம் சொன்னதா என்பது அப்போது தெரிய ஆரம்பிக்கும். தமிழ், மலையாளம் இரண்டு மொழிப் பத்திரிகைகளையும் ஆகஸ்ட் மாதம் முழுக்கப் பாருங்கள், 12ஆம் தேதியோடு நிறுத்த வேண்டாம். அன்று துப்பாக்கி ஏந்திய போலீஸ்காரர்களும் இதே மண்ணில் சம்பளம் வாங்கியவர்கள். அவர்களின் குடும்பங்களில் என்ன பேசிக்கொண்டார்கள் என்று யாரும் கேட்டதாகத் தெரியவில்லை. முடிந்தால் நீங்கள் கேளுங்கள்.

தேவிகுளம், பீர்மேடு விஷயத்துக்கும் இதே முறைதான். சீரமைப்பு ஆணையத்தில் பசல் அலி, குன்ஸ்ரு, பணிக்கர் மூவர் இருந்தார்கள். பணிக்கர் மலையாளி, அதனால்தான் போயிற்று என்பது நம் பக்கத்துப் பேச்சு. அதை எழுதுங்கள், "என்று பேசப்படுகிறது" என்றே எழுதுங்கள். ஆணைய அறிக்கை 1955இல் சொன்ன காரணத்தையும், அதாவது அங்குள்ள தமிழர்களில் பெரும்பாலோர் வந்துபோகும் தோட்டத் தொழிலாளர்கள் என்று அது வாதிட்டதையும் பக்கத்திலேயே வையுங்கள். மூன்று தலைமுறையாக லயத்தில் (தோட்டத் தொழிலாளர் வரிசை வீடுகளில்) பிறந்து வளர்ந்தவர்களை வந்துபோகிறவர்கள் என்று சொல்லலாமா? எனக்கு அது ஒப்பவில்லை. ஆனாலும் அந்த வாதத்தை முழுதாக எழுதிவிட்டுத்தான் மறுக்க வேண்டும்.

இதைப் பற்றிக் காமராஜர் சொன்னதாக ஒரு வாசகம் மேடைக்கு மேடை வரும். எந்தக் கூட்டம், எந்தத் தேதி, எந்தப் பத்திரிகை என்று பிடிக்க முடிந்தால் அவர் சொன்னார் என்று எழுதுங்கள். முடியாவிட்டால் மேடைகளில் சொல்லப்படுவது என்று எழுதுங்கள்.

படி 7: பாடநூலிலிருந்து விழுந்ததைக் கவனியுங்கள்

தோள்சீலைப் போராட்டம் தென் திருவிதாங்கூரில் 1820களிலிருந்து 1859வரை அலை அலையாக நடந்தது. நாடார் பெண்கள் மேலாடை அணியும் உரிமை கேட்டார்கள். 1829இன் பிரகடனம் மறுத்தது. 1859 ஜூலை 26இன் பிரகடனம் அனுமதித்தது, ஆனால் மேல்சாதிப் பெண்களைப் போல உடுத்தக்கூடாது என்ற நிபந்தனையோடு. அதற்குள் சந்தைகளில் சீலை கிழிந்தது, பள்ளிகளும் ஆராதனைக் கூடங்களும் எரிந்தன.

இது மத்திய பாடத்திட்டத்தின் ஒன்பதாம் வகுப்பு வரலாற்று நூலில் உடை பற்றிய பாடத்தில் இருந்தது. எதிர்ப்பு வந்தது. 2016 இறுதியில் அந்தப் பகுதியிலிருந்து தேர்வுக் கேள்வி வராது என்று மத்திய இடைநிலைக் கல்வி வாரியம் அறிவித்தது. 2019இல் சுமையைக் குறைக்கிறோம் என்று பாடமே நூலிலிருந்து எடுக்கப்பட்டது. ஒரு சமூகத்தார் "எங்களை இழிவாகக் காட்டுகிறது" என்று சொன்னதும் உண்மை, அதே சமூகத்திலேயே வேறு பலர் "போராடி வென்றதை ஏன் மறைக்கிறீர்கள்" என்று கேட்டதும் உண்மை.

உங்கள் ஊர் நூலகத்திலும் பள்ளி அலமாரியிலும் பழைய பாடநூல்கள் கிடந்தால் எடையில் போட விடாதீர்கள். ஒரே நிகழ்ச்சி 1960களின் நூலில் எத்தனை வரி, இன்றைய நூலில் எத்தனை வரி என்று வரிசையாக வைத்துப் பார்த்தால் எது எப்போது விழுந்தது என்று தெரிந்துவிடும்.

பழைய ஆவணத்தில் சாதிப் பெயர்கள் இழிவான வடிவில் வரும். மேற்கோளில் அவசியமான இடத்தில் மட்டும் அப்படியே வைத்து, உங்கள் வாக்கியத்தில் அந்த மக்கள் தங்களை அழைத்துக்கொள்ளும் பெயரையே எழுதுங்கள்.

படி 8: நினைவிடங்களைச் சுற்றி வாருங்கள்

ஒரு ஞாயிற்றுக்கிழமை போதும். பத்மநாபபுரம் அரண்மனை இருப்பது குமரி மாவட்டத்தில், நடத்துவது கேரளத் தொல்லியல் துறை. நவராத்திரிக்கு அங்கிருந்து சரஸ்வதி அம்மன் திருவனந்தபுரம் புறப்படும்போது வேளிமலைக் குமாரசுவாமியும் சுசீந்திரம் முன்னுதித்த நங்கையும் கூடச் செல்கிறார்கள். களியக்காவிளையில் கேரளத்தார் வரவேற்கிறார்கள். பத்மநாபபுரத்திலிருந்து திருவனந்தபுரத்துக்குத் தலைநகர் மாறி இருநூறு ஆண்டுக்கு மேல், எல்லை மாறி அறுபது ஆண்டுக்கு மேல் ஆகியும் இந்த வழி மாறவில்லை. குளச்சலில் 1741 வெற்றித் தூண் நிற்கிறது. தோற்ற டச்சுப் படையின் டிலனாய் பிறகு திருவிதாங்கூர் மன்னர் மார்த்தாண்ட வர்மாவின் தளபதியாகி, உதயகிரிக் கோட்டைக்குள் தமிழும் லத்தீனும் பொறித்த கல்லின் கீழ் அடக்கமானார். பிரிட்டிஷாரை எதிர்த்த திருவிதாங்கூர் திவான் வேலுத்தம்பி பிறந்தது தலக்குளத்தில், சிலை நிற்பது திருவனந்தபுரம் தலைமைச் செயலகத்தில்.

ஒவ்வொரு பலகையிலும் யார் வைத்தது, எந்த ஆண்டு, எந்த மொழி, யார் பெயர் இல்லை என்று குறியுங்கள். பலகை நடந்ததைச் சொல்வதைவிட, அதை நட்ட காலத்தைத்தான் அதிகம் சொல்லும்.

படி 9: எழுதி, படித்துக் காட்டி, அச்சிடுங்கள்

ஒவ்வொரு பத்திக்கும் ஓரத்தில் பென்சிலால் எழுத்து போடுங்கள்: ஆவணம் என்றால் ஆ, நேரில் கண்டவர் சொன்னது நே, கேள்விப்பட்டது கே. "கே" மட்டும் உள்ள பத்தியில் "என்று சொல்கிறார்கள்" இருக்க வேண்டும். "வீரம் செறிந்த", "பொற்காலம்", "இருண்ட காலம்" போன்ற சொற்களை இரண்டாம் முறை படிக்கும்போது அடியுங்கள். அடித்தால் வாக்கியம் விழுந்துவிடும் என்றால் அங்கே செய்தியே இல்லை.

பிறகு வாசகசாலையில் ஒரு மாலை படித்துக் காட்டுங்கள். சண்டை வரும், வரட்டும். "எங்க அப்பா பேரை விட்டுட்ட மக்கா" என்பவரிடம் சான்று கேளுங்கள், கிடைத்தால் சேருங்கள். "அந்தப் பக்கத்தை எடு" என்பவரிடம் எடுக்க முடியாது, உங்கள் மறுப்பை உங்கள் பெயரோடு அடியில் போடுகிறேன் என்று சொல்லுங்கள். பெரும்பாலும் எழுதித் தர மாட்டார்கள். தந்தால் அதைத் திருத்தாமல் அச்சிடுங்கள்.

இருநூறு படிகள் போதும். ஊர்ப் பள்ளிக்கும் வாசகசாலைக்கும் நாகர்கோவில் மாவட்ட நூலகத்துக்கும் கொடுத்துவிட்டு, எல்லைக்கு அந்தப் பக்கம் பாறசாலை, நெய்யாற்றின்கரை நூலகங்களுக்கும் மறக்காமல் அனுப்புங்கள். ஒலிப்பதிவுகளை இரண்டு வன்தட்டில் வைத்து இரண்டு வீடுகளில் பத்திரப்படுத்துங்கள். அடுத்த பதிப்புக்கான திருத்தங்களை எழுதி வைக்க ஒரு நோட்டை வாசகசாலை மேசையில் கயிற்றில் கட்டிப் போட்டுவிடுங்கள். பேனாவையும் சேர்த்துக் கட்டுங்கள், இல்லையென்றால் காணாமல் போய்விடும்.